இருக்காத அக்கா

அக்கா நின்றுகொண்டுதான் சாப்பிடுவார். குசினியில் அடுப்புக்கும் ஜன்னலுக்கும் நடுவே ஓராள் நிற்கும் இடம் இருந்தது. அங்கே நின்று, சோற்றுக்கோப்பையை இடது கையில் ஏந்தி, பக்கத்து வீட்டுக் குப்பை வாளிகளைப் பார்த்தபடி சாப்பிட்டு முடிப்பார். மேசையும் கதிரைகளும் எட்டினால் தொடும் தூரத்தில்தான் இருந்தன. நாங்கள் எல்லோரும் அவற்றில் குந்தியிருந்து சாப்பிட்டோம். வந்த புதிதில் நான் ஒவ்வொரு நாளும் "இருங்கோவன் அக்கா" என்று சொல்லிப் பார்த்தேன். அவரும் ஒவ்வொரு நாளும் ஒரே பதிலைத்தான் சொன்னார்.

"இருந்தா எழும்பேலாது பிள்ளை."

அதை அவர் பகிடியாகச் சொல்லவில்லை. முறைப்பாடாகவும் சொல்லவில்லை. வெளியே மழை பெய்கிறது என்று சொல்வதுபோலச் சொன்னார்.

எண்பதுகளின் பிற்பகுதி அது. இல்ஃபோர்டில் ஒரு வீட்டின் மேலறையை நானும் அக்காவும் பங்குபோட்டிருந்தோம். அவர் எனக்குச் சொந்தமில்லை. எங்கள் ஊர்க்காரர், என்னைவிடப் பத்துப் பன்னிரண்டு வயது மூத்தவர், அவ்வளவுதான். லண்டனில் எனக்கென்று ஒருவரும் இல்லாதபடியால் தெரிந்தவர்கள் என்னைக் கொண்டுவந்து அவரிடம் விட்டார்கள். தான் வேலை செய்த சலவைத் தொழிற்சாலையில் எனக்கும் வேலை எடுத்துத் தந்தது அவர்தான். ஹோட்டல்களிலிருந்து லொறியில் வந்து இறங்கும் படுக்கை விரிப்புகளைத் தோய்த்து, இஸ்திரி போட்டு, மடித்து அனுப்புகிற இடம். சூடான உருளைகளுக்கு நடுவால் விரிப்பு வெளியே வரும். ஒரு முனையை அவர் பிடிப்பார், மற்ற முனையை நான் பிடிப்பேன். இருவரும் கிட்ட வந்து, மடித்து, விலகி, மறுபடி கிட்ட வருவோம். காலை முழுக்க அதுதான் வேலை.

எங்கள் மேற்பார்வைக்காரி ஒரு ஐரிஷ் பெண். நல்ல மனம். அக்காவின் கால்கள் வீங்கியிருப்பதைக் கண்டு எங்கேயோ கிடந்த ஓர் உயரமான முக்காலியைத் துடைத்துக் கொண்டுவந்து அவர் பக்கத்தில் வைத்தாள். அக்கா "தாங்க் யூ, தாங்க் யூ" என்று தலையை ஆட்டினார். அவள் அங்கால் போனதும் மடித்த விரிப்புகளை முக்காலியில் அடுக்கத் தொடங்கினார். பின்னேரம் அவள் திரும்பி வந்து பார்த்தபோது முக்காலியே தெரியவில்லை. அக்கா விரிப்புக் குவியலைத் தட்டிக் காட்டி, "வெரி குட் டேபிள்" என்றார்.

தொழிற்சாலை முடிந்து வீட்டுக்கு வந்து ஒரு தேத்தண்ணி குடிப்பார், நின்றபடிதான். பிறகு ரயிலேறி நகரத்துக்குள் ஒரு பெரிய அலுவலகத்தைத் துப்புரவாக்கப் போவார். கிழமையில் ஆறு நாள் இப்படி. அந்த ரயிலில் ஒரு நாள் நானும் கூடப் போனேன். பெட்டியில் சனம் இல்லை, எங்கே பார்த்தாலும் வெற்று இருக்கைகள். அக்கா கதவோரக் கம்பியைப் பிடித்துக்கொண்டு நின்றார். கோட்டும் தொப்பியும் போட்ட வயதான வெள்ளைக்காரர் ஒருவர், தனக்குப் பக்கத்து இருக்கையைக் காட்டி இருக்கச் சொன்னார். அக்கா மறுத்தார். அவர் இரண்டாம் தரமும் சொன்னார். அக்கா இரண்டாம் தரமும் மறுத்தார். ஒரு பெண் நிற்கும்போது தான் இருப்பது அந்த மனிதருக்குப் பிடிக்கவில்லைப்போல. மெல்ல எழுந்து அவரும் ஒரு கம்பியைப் பிடித்துக்கொண்டார். பிறகு எனக்கும் இருக்க மனம் வரவில்லை. வெற்று இருக்கைகளுக்கு நடுவில் மூன்று பேரும் நின்றபடி லிவர்பூல் ஸ்ட்ரீட் வரை போய்ச் சேர்ந்தோம்.

அதுதான் அக்காவோடு இருந்த கரைச்சல். அவர் நிற்கும் அறையில் மற்றவர்கள் நிம்மதியாக இருக்க முடியாது. யார் வீட்டுக்குப் போனாலும் வாசலுக்கும் வரவேற்பறைக்கும் நடுவில் நிற்பார். வீட்டுக்காரி கெஞ்சுவாள். "இப்ப போறன்தானே" என்பார் அக்கா. அப்படிச் சொல்லிவிட்டு இரண்டு மணித்தியாலம் நின்று கதைப்பார். தான் நிற்பது மட்டுமென்றாலும் பரவாயில்லை, இருப்பவர்களைப் பற்றி அவருக்கு ஓர் இளக்காரமும் இருந்தது. வேலை முடிந்து வந்து நான் சோபாவில் விழுந்தால், "இருக்கப் பிறந்த சனம்" என்று சுவருக்குச் சொல்வதுபோலச் சொல்லிக்கொண்டு போவார். சில நாள் எனக்குக் கோபம் வரும். பதில் சொல்ல வாய் திறப்பதற்குள் தேத்தண்ணியோடு வந்து நிற்பார்.

சனிக்கிழமை பின்னேரங்களில் கீழே ஹோலில் வீட்டுக்காரர்கள் வீடியோவில் தமிழ்ப் படம் போடுவார்கள். அக்காவுக்குப் படம் என்றால் உயிர். மூன்று மணித்தியாலப் படத்தையும் கதவு நிலையில் தலையைச் சாய்த்து நின்றபடி பார்ப்பார். அழவேண்டிய இடத்தில் அழுவார், சிரிக்கவேண்டிய இடத்தில் சிரிப்பார். அவருடைய எண்ணெய்த் தலை பட்டுப் பட்டு அந்த நிலையின் வெள்ளைப் பெயின்ற் ஓரிடத்தில் மஞ்சளாகிப் போயிருந்தது. வீட்டுக்காரர் ஒருமுறை அதற்கு மேல் புதுப் பெயின்ற் அடித்தார். ஆறு மாதத்தில் அது பழையபடி வந்துவிட்டது.

ஒருநாள் நான் மடக்கிக் கேட்டேன். "அப்ப படுக்கிறியள்தானே அக்கா? படுத்தா மட்டும் எழும்பேலுமோ?"

"படுத்தா அலாரம் அடிக்கும்" என்றார். "இருந்தா ஆர் எழுப்புறது?"

அவருடைய அம்மா ஊரில் செத்துப்போன செய்தி ஒரு ஞாயிற்றுக்கிழமை வந்தது. ரெலிபோன் படிக்கட்டுக்குக் கீழே சுவரில் இருந்தது. அந்த நாட்களில் ஊரிலிருந்து நேரே செய்தி வராது. கொழும்பில் யாரோ ஒருவருக்குத் தெரிந்து, அவர் எடுத்துச் சொல்லும்போது காரியம் எல்லாம் முடிந்திருக்கும். அக்கா ரிசீவரைக் காதில் வைத்து "ஓம்... ஓம்..." என்று கேட்டுக்கொண்டிருந்தார். முகத்தைப் பார்த்து எங்களுக்கு விளங்கிவிட்டது. நான் ஓடிப்போய் ஒரு கதிரையைக் கொண்டுவந்து அவருக்குப் பின்னால் போட்டேன். அவர் அதன் முதுகுச் சட்டத்தைப் பிடித்தார். ஆனால் இருக்கவில்லை. துக்கம் கேட்க வந்த சனம் எல்லாம் நிலத்தில் பாய் விரித்து இருக்க, அக்கா மட்டும் குசினிக் கதவடியில் நின்று ஒவ்வொருவருக்கும் தேத்தண்ணி ஊற்றிக்கொண்டிருந்தார். திங்கட்கிழமை காலை விரிப்பின் மற்ற முனையில் அவர்தான் நின்றார்.

எங்கள் வீட்டில் மேலறைக்குப் பக்கத்தில் ஒரு சின்ன அறை இருந்தது. ஒரு கட்டிலும் ஒரு அலுமாரியும் வைத்தால் நிறைந்துவிடும். அந்த அறைக்கும் அக்காதான் பொறுப்பு. முதலில் அவருடைய தம்பியை ஊரிலிருந்து எடுப்பித்து அதில் வைத்திருந்தார். தம்பி கொஞ்ச நாளில் நோர்வேக்குப் போய்விட்டான். அதற்குப் பிறகு பெரியம்மாவின் மகன் வந்தான். அவன் போக, அக்காவின் தங்கச்சி மகன் வந்தான். ஒவ்வொருவரும் வந்து, அகதி வழக்கு நடந்து, வேலை எடுத்து, காலூன்றி வெளியே போகும்வரை சாப்பாடும் கோட்டும் சப்பாத்தும் அக்காவின் பொறுப்பு. தங்கச்சி மகன் வெம்பிளியில் வேலை கிடைத்து அங்கேயே அறை எடுத்துக்கொண்டு போன அன்றைக்கு, அக்கா அந்தச் சின்ன அறையைக் கூட்டித் துடைத்து ஜன்னலைத் திறந்துவிட்டார். இனிப் பின்னேர வேலையை விடப்போவதாகச் சொன்னார். அவர் வாயிலிருந்து அப்படி ஒரு சொல் வந்து நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

அடுத்த மாதம் தம்பி நோர்வேயிலிருந்து ரெலிபோன் எடுத்தான். கலியாணம் முடித்து ஒரு வருடமாகியிருந்தது. ஒருக்கா வந்து வீட்டைப் பார்த்துவிட்டுப் போகச் சொன்னான். ரிக்கற்றை அவனே போட்டிருந்தான், துணைக்கு வரும் எனக்கும் சேர்த்து.

நோர்வே என்றால் ஒஸ்லோ இல்லை. அதற்கும் மேலே, வரைபடத்தில் காகிதம் முடிகிற இடத்தில், கடலோரமாக ஒரு மீன்பிடி ஊர். அங்கே மீன் தொழிற்சாலையில் எங்கள் பெடியள் நிறையப் பேர் வேலை செய்தார்கள். மூன்று விமானம் மாறிப் போனோம். கடைசியாக ஏறியது பஸ் அளவில் ஒரு விமானம், எங்களோடு பத்துப் பேர்கூட இல்லை. விமானங்களில் அக்காவுக்கு இருக்காமல் முடியவில்லை. ஆனால் நுனியில் இருந்தார், கைப்பையை மடியில் பிடித்துக்கொண்டு, அடுத்த தரிப்பில் இறங்கப் போகிறவர் மாதிரி. பெல்ற்றைத் தொட்டுப் பார்த்து, "கட்டிப்போட்டா என்ன செய்யிறது" என்றார்.

மார்ச் மாதம். சூரியனே வராத இருட்டுக் காலம் முடிந்து வெயில் வந்திருந்தது. ஆனால் பனி ஜன்னல் உயரத்துக்குக் கிடந்தது. தம்பியின் வீடு மரவீடு, உள்ளே நல்ல சூடு. வரவேற்பறையில் புதிதாக வாங்கிய பெரிய தோல் சோபா. அதை அக்காவுக்குக் காட்டத்தான் அவன் அவ்வளவு ஆசையோடு காத்திருந்தான் என்று வாசலிலேயே தெரிந்தது. அக்கா அதைக் கையால் தடவிப் பார்த்தார், நல்ல தோல் என்றார், ஜன்னலடியில் போய் நின்றுகொண்டார். மூன்று நாளும் அங்கேதான் நின்றார்.

தம்பி என்னைக் குசினிக்குள் கூப்பிட்டு ரகசியமாகக் கேட்டான், அக்காவுக்கு என்ன நடந்தது என்று. ஊரில் அவர் இருந்தவர்தானாம். வாசல் படியில் குந்தியிருந்து அவனுக்குச் சீப்பால் தலை இழுத்துவிட்டவராம். எனக்கு அந்த அக்காவைத் தெரியாது என்று சொன்னேன்.

அப்போதுதான் அவன் மற்ற விஷயத்தையும் சொன்னான். அவனுடைய மனைவியின் தம்பி கொழும்பில் ஒரு லொட்ஜில் வந்து நிற்கிறானாம். லண்டனுக்கு எடுப்பித்துவிட்டால் அக்காவோடு ஒரு வருடம், மிஞ்சினால் இரண்டு வருடம் நிற்கட்டும் என்று யோசித்திருக்கிறான். நான் இப்போது கேட்கவேண்டாம் என்றேன். தங்கச்சி மகன் போய் ஒரு மாதம்தான் ஆகிறது, பின்னேர வேலையை விடப்போகிறேன் என்று அக்கா சொல்லிக்கொண்டிருக்கிறார் என்றேன். அவன் சிரித்தான். கெட்ட பிள்ளை இல்லை. அக்காவைச் சுவர் மாதிரிப் பார்த்து வளர்ந்தவன். சுவருக்குக் களைக்கும் என்று யாரும் நினைப்பதில்லை.

"அக்கா இல்லையெண்டு சொல்லமாட்டா" என்றான். "நாளைக்கு ஸ்கூட்டரில கூட்டிக்கொண்டு போறன். அங்க சந்தோசமா நிக்கேக்க கேப்பம்."

பனியில் ஓடும் மோட்டார் வண்டியைத்தான் அங்கே எல்லோரும் ஸ்கூட்டர் என்பார்கள். முன்னால் சறுக்குகிற இரண்டு கட்டை, பின்னால் சுழலும் ரப்பர் பட்டி, மோட்டார் சைக்கிள் மாதிரி இருக்கை. வழிகாட்டி ஒருவரோடு மலைக்கு மேலே போய், ஒரு குடிசையில் கோப்பி குடித்துவிட்டு வருகிற சுற்றுலாவுக்குத் தம்பி எங்களுக்கு இடம் எடுத்து வைத்திருந்தான். வெளியூர்க்காரர்கள் காசு கொடுத்துப் போகிற சுற்றுலா. அவனுடைய மனைவி மாசமாக இருந்தபடியால் வரவில்லை.

வழிகாட்டி ஒரு பெண். அக்காவின் வயதோ கொஞ்சம் கூடவோ இருக்கும். வெயிலும் காற்றும் பட்டுச் சிவந்து காய்ந்த முகம். அதிகம் பேசமாட்டார். பேசியதைத் தம்பி தமிழில் சொன்னான். காலிலிருந்து கழுத்துவரை ஒரே உடுப்பாக இருந்த கனத்த அங்கியை எங்களுக்குத் தந்தார்கள். சீலையைத் தவிர வேறெதுவும் உடுத்தறியாத அக்கா அதற்குள் நுழைந்து, எங்கே கையை வைப்பது என்று தெரியாமல் நின்றார். வழிகாட்டி அவருக்கு முன்னால் முழங்காலில் நின்று சப்பாத்து வாரை இறுக்கத் தொடங்கினார். அக்கா காலைப் பின்னுக்கு இழுத்தார்.

"காலைத் தொடவேண்டாமெண்டு சொல்லு தம்பி."

தம்பி சொன்னான். வழிகாட்டி நிமிர்ந்து பார்த்துவிட்டு மறுபடி காலைப் பிடித்து இழுத்து வாரைக் கட்டி முடித்தார்.

முன் வண்டியில் வழிகாட்டியும் அவருக்குப் பின்னால் நானும். எங்கள் வண்டிக்குப் பின்னால் ஆள் நீளத்தில் ஒரு சறுக்குப் பலகையும் கொளுவியிருந்தது. அதில் விறகும் சாமான்களும் ஏற்றியிருந்தார்கள். பின் வண்டியைத் தம்பி ஓட்டினான். அக்கா அவனைப் பிடித்துக்கொண்டு இருக்கவேண்டும். ஊரெல்லை தாண்டியதும் வழிகாட்டி வண்டியை நிறுத்திவிட்டுப் பின்னுக்குப் போனார். நான் திரும்பிப் பார்த்தேன். அக்கா கால்பலகையில் எழுந்து, தம்பியின் தோளைப் பிடித்து நின்றபடி வந்திருக்கிறார். ஓடும் வண்டியில் நின்றால் விழுந்து கழுத்து முறியும் என்று வழிகாட்டி சொன்னார். தம்பி மொழிபெயர்த்தபோது அவனுக்கு வெட்கமாக இருந்தது. அக்கா இருந்தார்.

மலைமேல் நான் நினைத்ததைவிட வெறுமையாக இருந்தது. மரம் இல்லை. வழியைக் காட்டும் தடிகள் மட்டும் தூரத் தூரத்தில் நின்றன. உறைந்த ஏரி ஒன்றைக் குறுக்கே கடந்தோம். இயந்திரச் சத்தத்தில் காது அடைத்து, பெற்றோல் மணத்தில் தலை கனத்து, முகமூடிக்குள் என் மூச்சே எனக்குத் தண்ணீராக வடிந்தது. வடிவான இடம்தான். ஆனால் பல வருடத்து வேலைக் களைப்பை உடம்பில் வைத்துக்கொண்டு வடிவைப் பார்ப்பதும் ஒரு வேலையாகத்தான் இருந்தது.

குடிசை மண்ணாலும் மரத்தாலும் கட்டியது. பாதி பனிக்குள் புதைந்து கிடந்தது. உள்ளே இரும்பு அடுப்பு, நிலத்தில் சுற்றிவரக் கலைமான் தோல்கள். கூரை தாழப் பதிந்திருந்தது. எங்களில் உயரம் குறைந்த எனக்கே தலை இடித்தது. வழிகாட்டி அடுப்பை மூட்டிக் கோப்பி வைத்தார். இறைச்சி சூப்பும் சூடாக்கினார். வெள்ளிக்கிழமை என்பதால் அக்கா கோப்பி மட்டும் வாங்கினார். நாங்கள் எல்லோரும் தோலில் இருந்தோம். அக்கா கூரைக்குக் கீழே முதுகை வளைத்து, கழுத்தைச் சரித்து, இரண்டு கையாலும் கோப்பியைப் பிடித்தபடி நின்றார்.

தம்பி அப்போது கேட்டான். நல்ல மாதிரித்தான் கேட்டான். மனைவியின் தம்பி படித்த பொடியன், கரைச்சல் தரமாட்டான், சின்ன அறை சும்மாதானே கிடக்கிறது என்றான். ஒரு வருடத்தில் தன் காலில் நின்றுவிடுவான் என்றான்.

அக்கா அவனைப் பார்க்கவில்லை. கோப்பியைப் பார்த்தார். பிறகு சுவரில் முதுகை வைத்து, மெல்ல மெல்லச் சறுக்கி, தோலில் வந்து இருந்தார். காலை நீட்டினார். கோப்பியைப் பக்கத்தில் வைத்தார்.

எனக்குப் பயம் வந்தது. அவர் அப்படி இருந்து நான் கண்டதில்லை. தம்பிக்கு அது விளங்கவில்லை. அக்கா ஆறுதலாக இருந்து கேட்கப் போகிறார் என்று நினைத்து இன்னும் சொல்லத் தொடங்கினான்.

"எனக்கு ஏலாது தம்பி" என்றார் அக்கா.

அவன் சிரித்து, இப்ப சொல்லவேண்டாம், யோசித்துப் பிறகு சொல்லுங்கோ என்றான். அக்கா கண்ணை மூடிக்கொண்டார்.

கொஞ்ச நேரத்தில் வழிகாட்டி வெளியே போய்ப் பார்த்துவிட்டு வந்தார். காற்று எழும்புகிறது, பனியைக் கிளப்பத் தொடங்கினால் தடிகள் தெரியாது, இப்போதே புறப்படவேண்டும் என்றார். நாங்கள் எழுந்தோம். அக்கா எழும்பவில்லை. தம்பி கூப்பிட்டான். கண்ணைத் திறக்காமலே, எழும்பேலாது என்றார். நீங்கள் போங்கோ என்றார். தம்பி குனிந்து அவருடைய கையைப் பிடித்துத் தூக்கினான். பாதி உயரம் வந்தவரின் முழங்கால்கள் மடிந்தன. மறுபடி தோலில் விழுந்தார். அவன் இன்னொரு தரம் இழுத்தான். அந்த முகத்தில் கோபமும் இருந்தது, வெள்ளைக்காரிக்கு முன்னால் வந்த வெட்கமும் இருந்தது.

வழிகாட்டி அவனுடைய கையை விலக்கிவிட்டார். அக்காவின் கையுறையைக் கழற்றி விரல்களைப் பார்த்தார். கண்ணிமையைக் கீழே இழுத்துப் பார்த்தார். சீனி நிறையப் போட்ட கோப்பியைக் கொஞ்சம் கொஞ்சமாகப் பருக்கினார். பிறகு தம்பியிடம் ஏதோ கேட்டார். அவன் கையுறையை இழுத்து மாட்டினான். அவர் என்னிடம் திரும்பி அதையே ஆங்கிலத்தில் கேட்டார், இந்தப் பெண் ஒரு நாளைக்கு எவ்வளவு நேரம் வேலை செய்கிறார் என்று. விடியமுன் போனால் இரவுதான் திரும்பி வருவார் என்று சொன்னேன். எத்தனை வருடமாக என்றார். எனக்குத் தெரிந்த காலம் முழுக்க என்றேன். அவர் தம்பியைப் பார்த்தார். அவன் முகமூடியைப் போட்டுக்கொண்டு வெளியே போய்விட்டான்.

வழிகாட்டி அதற்குமேல் யாரையும் கேட்கவில்லை. வயர்லெஸ்ஸில் கீழே தகவல் சொன்னார். பலகையிலிருந்து விறகைக் கொண்டுவந்து அடுப்பில் போட்டார். கிடந்த தோல்களை எல்லாம் எடுத்து அக்காவுக்கு மேல் போர்த்தார். காற்று போகட்டும், இவர் நித்திரை கொள்ளட்டும் என்றார். அக்கா வாய் திறந்தபடி நித்திரை கொண்டார். வெளியே காற்று குடிசையைச் சுற்றிச் சுற்றி வந்தது.

தம்பி திரும்பி வந்தபோது மீசையில் பனி உறைந்திருந்தது. அக்காவின் கால்மாட்டில் இருந்தான். வழிகாட்டி இறுக்கிக் கட்டிய வாரை அவிழ்த்துச் சப்பாத்தைக் கழற்றினான். காலுறையைக் கழற்றினான். உள்ளே அக்கா வழக்கமாகச் சுற்றுகிற பண்டேஜ் இருந்தது. அதையும் அவிழ்த்தான். பாதங்கள் வீங்கி, விரலால் அமத்திய இடம் குழியாகவே நின்றது. பண்டேஜின் வரிகள் தோலில் பதிந்து கிடந்தன.

"எப்ப இருந்து இப்பிடி?" என்று என்னைக் கேட்டான்.

"நான் வரேக்கையே இப்பிடித்தான்."

அவன் அந்தக் கால்களை எடுத்துத் தன் மடியில் வைத்து அடுப்புப் பக்கமாகத் திருப்பினான்.

பின்னால் நடந்ததை இங்கேயே சொல்லிவிடுகிறேன். லண்டனுக்கு வந்ததும் நான் அக்காவை டொக்டரிடம் இழுத்துக்கொண்டு போனேன். உடம்பில் ரத்தம் பாதிகூட இல்லை, இத்தனை நாள் எப்படி நடந்து திரிந்தீர்கள் என்று டொக்டர் கேட்டார். கர்ப்பப்பையில் கட்டி. வருடக்கணக்காக ரத்தம் போயிருக்கிறது. அவர் ஒருவருக்கும் சொல்லவில்லை. ஒப்பரேஷன் நடந்தபோது தம்பி வந்து அந்தச் சின்ன அறையில் ஒரு மாதம் நின்றான். உப்பும் புளியும் சரிவராத கறிகள் சமைத்தான். அக்கா கட்டிலில் சாய்ந்து இருந்து குறை சொல்லிச் சொல்லிச் சாப்பிட்டார். மனைவியின் தம்பி வேறு வழியால் ஜேர்மனிக்குப் போய்ச் சேர்ந்து நன்றாகத்தான் இருக்கிறான். ஆனால் தம்பியின் மனைவி அக்காவோடு முகம்கொடுத்துக் கதைக்க நாலைந்து வருடம் பிடித்தது. நான் கலியாணம் முடித்து விம்பிள்டன் பக்கம் வந்துவிட்டேன். அக்கா பின்னேர வேலையை விட்டார், தொழிற்சாலையை விடவில்லை. பிறகென்றாலும் இருந்தாரா என்று இந்தக் கதையைக் கேட்டவர்கள் எல்லோரும் கேட்கிறார்கள். எப்போதாவது இருந்தார். பெரும்பாலும் நின்றார். சுகமான பிறகும் உடம்புக்கு அந்தப் பழக்கம் போகவில்லை. அவர் செத்தும் இப்போது சில வருடமாகிறது.

அன்றைக்கு மலையில் காற்று ஓய்ந்தபோது வெயில் சரிந்து பனியெல்லாம் நீலமாகியிருந்தது. அக்கா விழித்தார். எழும்ப முயற்சிக்கவேண்டாம் என்று வழிகாட்டி கையைக் காட்டினார். பலகையில் இருந்த மிச்சச் சாமான்களை இறக்கிக் குடிசைக்குள் வைத்தார். மான்தோலை விரித்து, தம்பியும் அவருமாக அக்காவைத் தூக்கிக்கொண்டு போய் அதில் கிடத்தினார்கள். பாரமாக இருப்பேன், வேண்டாம், நடப்பேன் என்று அக்கா முனகினார். தம்பி குனிந்து அவருடைய கழுத்தடியில் போர்வையைச் செருகினான்.

"இருங்கோ அக்கா" என்றான். "நான் பின்னால வாறன்."

இந்தமுறை நான் தம்பியின் வண்டியில் ஏறினேன். எங்களுக்கு முன்னால் பலகை சறுக்கிக்கொண்டு போனது. தோல் குவியலுக்கு நடுவே அக்காவின் முகம் மட்டும் வானத்தைப் பார்த்தபடி தெரிந்தது. தொடக்கத்தில் தலையைத் தூக்கித் தூக்கி எங்களைப் பார்த்தார். ஒவ்வொரு தரமும் தம்பி கையை ஆட்டினான். போகப்போகப் பார்ப்பதை விட்டுவிட்டார்.

ஊர் விளக்குகள் தெரிகிற இடத்தில் வழிகாட்டி வண்டியை நிறுத்தி இறங்கினார். நாங்களும் இறங்கிப் போனோம். குளிர்கிறதா, நோகிறதா என்று அவர் கேட்கத் தம்பி தமிழில் கேட்டான். அக்கா இல்லையென்று தலையசைத்தார். இனி நேரே இறங்கினால் கொஞ்ச நேரத்தில் வீட்டில் விட்டுவிடலாம், ஏரியைச் சுற்றியும் போகலாம், ஆனால் தூரம் என்று வழிகாட்டி சொன்னதையும் தம்பி சொன்னான். அக்கா அவனைப் பார்த்தார், வழிகாட்டியைப் பார்த்தார்.

"அவவுக்குக் கரைச்சலில்லையெண்டா" என்றார், "சுத்திப் போகச் சொல்லு தம்பி."

தம்பி கையுறையால் முகத்தைத் துடைத்துக்கொண்டான். பிறகு சொன்னான். வழிகாட்டி தலையை ஆட்டிவிட்டு, போய் ஏறி, வண்டியை ஏரிப் பக்கம் திருப்பினார்.